நாற்பத்தொன்றாம் பெட்டிக்கு ஒரு முட்டு

தெக்கேமலையில் வக்கச்சனிடம் ஏதாவது கேட்கப் போய்விட்டுத் திரும்பி வருகிறவரை வழியில் யாரும் "என்ன சொன்னார்?" என்று விசாரிப்பதில்லை. "என்ன செஞ்சார்?" என்றுதான் விசாரிப்பார்கள். ஏழரை ஏக்கர் ரப்பர், நடுவில் ஓட்டு வீடு, ஒரு பசு, ஒரு மனைவி, அயர்லாந்தில் ஒரு மகன், கட்டிக்கொடுத்த ஒரு மகள் என்று இவ்வளவையும் வைத்துக்கொண்டு, அறுபத்தெட்டு வயதுவரை "சரி" என்றோ "முடியாது" என்றோ வாய் திறந்து சொல்லாமலே காலம் தள்ளிவிட்ட மனிதர் அவர்.

மகளைப் பெண் கேட்டு வந்த தரகரிடம் மூன்று ஞாயிற்றுக்கிழமை மழையைப் பற்றியே பேசினார். நாலாம் ஞாயிறு ஆளை வைத்து முற்றத்துப் பலாவின் தாழ்ந்த கிளைகளை வெட்டினார். பந்தலுக்கு இடம் பண்ணுகிறார் என்று தரகரே புரிந்துகொண்டு மாப்பிள்ளை வீட்டுக்கு ஆள் அனுப்பினார். மின்வாரியக்காரர்கள் அவர் வேலியோரம் கம்பம் நட அனுமதி கேட்டபோதும் அப்படித்தான். ஒரு மாதம் பேச்சே இல்லை. ஒருநாள் காலையில் பார்த்தால், கம்பம் வரவேண்டிய இடத்தில் இருந்த மிளகுக் கொடியை வேரோடு எடுத்து வேறு மரத்தில் ஏற்றியிருந்தார். கம்பம் நட்டாயிற்று. இப்படியாக ஊரே அவரைப் படிக்கப் பழகியிருந்தது. பழகினோம் என்ற திமிரும் ஊருக்கு உண்டு. அந்தத் திமிர்தான் விலாசினியை மாட்டிவிட்டது.

விலாசினிக்கு நாற்பத்து நாலு வயது. பதினாறு வருஷம் அடுத்தவர் தோட்டங்களில் ரப்பர் பால் வெட்டியவள். விடிவதற்கு முன்னால் தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு மரம் மரமாக நடந்து முந்நூறு மரத்துக்குப் பட்டை சீவுகிற வேலை. அந்த வாழ்க்கையிலிருந்து அவளை இறக்கிவிட்டது ஒரு தேனீக் கூட்டம். அது ஒரு மழைக்காலத்தில் அவள் வீட்டு மின்சார மீட்டர் பெட்டிக்குள் குடியேறியது. மின்வாரியக்காரன் அளவெடுக்க வரமாட்டேன் என்றான். கணவன் பிரசன்னன் பந்தம் கொளுத்தி எடுத்துக்கொண்டு வந்தான். விலாசினி பந்தத்தைப் பிடுங்கி வாளித் தண்ணீரில் முக்கிவிட்டு, ஒரு மண்பானையைக் கவிழ்த்துப் பிடித்து அந்தக் கூட்டத்தை அதற்குள் அழைத்துக்கொண்டாள். எப்படி என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. அன்று தொடங்கி ஏழு வருஷத்தில் பானை பெட்டியாகி, பெட்டி முப்பத்திரண்டாயிற்று. பிறகு நோய் வந்தது. தேனீயாக வேண்டிய புழுக்கள் கூட்டுக்குள்ளேயே நீர் கோத்துச் செத்தன. முப்பத்திரண்டில் நாலு மிஞ்சியது. அந்த நாலைப் பிரித்துப் பிரித்து, மழைக்காலமெல்லாம் சர்க்கரைப் பாகு ஊட்டி, மூன்று வருஷத்தில் அறுபதாக்கியிருந்தாள். பெற்ற பிள்ளைக்குக்கூட இத்தனை தடவை எழுந்து பார்த்ததில்லை என்று பிரசன்னன் சொல்வான். அது உண்மைதான்.

தேனீக்காரர்களுக்கு வருஷத்தில் ஒரே ஒரு அறுவடை. ரப்பர் இலை உதிர்த்துத் துளிர்க்கும் மகரத்திலும் கும்பத்திலும், அதாவது தை மாசியில், துளிரின் காம்பில் தேன் சுரக்கும். அந்த இரண்டு மாதம் பெட்டிகளை வைக்க ஒரு தோட்டம் கிடைத்தால் வருஷம் ஓடும். கிடைக்காவிட்டால் பெட்டிகள் பட்டினி. விலாசினி வழக்கமாக வைக்கும் தோட்டத்தை மறுநடவுக்காக வெட்டிச் சாய்த்துவிட்டார்கள். மற்றத் தோட்டங்களிலெல்லாம் ஏற்கெனவே யாராவது பெட்டி வைத்திருந்தார்கள். மிச்சமிருந்தது வக்கச்சனின் கிழக்குச் சரிவு ஒன்றுதான்.

தனு என்கிற மார்கழியின் கடைசியில் போய்க் கேட்டாள். பத்துப் பெட்டிக்கு இத்தனை குப்பித் தேன் என்று ஊர் வழக்கப்படி அவளே கணக்குச் சொன்னாள். வக்கச்சன் பால் விடாத கட்டங்காப்பியைக் குடித்து முடித்தார்.

"பனி இந்த வருஷம் ஜாஸ்தி" என்றார்.

அவ்வளவுதான். விலாசினி வீட்டுக்கு வந்து காத்திருந்தாள். ஒருநாள், இரண்டுநாள், எட்டுநாள். துளிர் தாமிர நிறத்தில் எட்டிப் பார்க்கத் தொடங்கியது. ஒன்பதாம் நாள் பிரசன்னன் தன் ஜீப்பை நிறுத்திவிட்டு ஓடிவந்தான்.

"எடி, பசுவை மாத்திட்டார்!"

"எந்தப் பசுவை?"

"அவருக்கு எத்தனை பசு இருக்கு? மேல் தட்டுல, நீ பெட்டி வைக்கக் கேட்ட இடத்துலதானே கட்டுவார்? இன்னைக்குக் கிணத்தடியில கட்டியிருக்கார். ரேஷன் கடையில எல்லாரும் பார்த்தாச்சு. சம்மதம்தான்னு ஒரே பேச்சு."

ரேஷன் கடையில் தீர்ப்பாகிவிட்டால் எங்கள் ஊரில் அதற்குமேல் அப்பீல் கிடையாது. அன்று மாலை இருட்டியதும் வாசல்களை அடைத்து, அறுபது பெட்டிகளையும் ஜீப்பில் நாலு நடையாக ஏற்றிக் கொண்டுபோய், மேல் தட்டிலும் அதற்குக் கீழ்த் தட்டிலும் இரும்புக் கால்களின்மேல் வரிசையாக வைத்துவிட்டாள்.

மறுநாள் காலை வாசல்களைத் திறந்துகொண்டிருக்கும்போது வக்கச்சனின் மனைவி ஏலிக்குட்டி கையில் புட்டுக்குழலோடு வந்து நின்றாள்.

"என்னடி விலாசினி இது, பெருநாள் சந்தை மாதிரி?"

"சேட்டன்தான் சம்மதிச்சாரே, சேடத்தி."

"சம்மதிச்சாரா? என் புருஷனா? எப்போ?"

"பசுவை மாத்திக் கட்டினாரே..."

ஏலிக்குட்டி சிரித்த சிரிப்பில் புட்டுக்குழலின் மூடி கழன்று உருண்டது. "அடி பாவி! அது சினையா இருக்குடி. சரிவுல கால் வழுக்கினா வயித்துல இருக்கிறது போயிடும்னு கால்நடை டாக்டர் திட்டிட்டுப் போனார். அதான் கீழ கட்டினார்!"

விலாசினி பெட்டிகளைத் திரும்பிப் பார்த்தாள். அறுபது பெட்டி, சம்மதம் கிடைக்காத நிலம். இந்தத் தேனீ ஜாதியை ஒரு தடவை இடம் மாற்றலாம். உடனே மறுபடியும் கிளப்பினால் கோபித்துக்கொண்டு கூட்டமாகக் காட்டுக்குள் போய்விடும். நோயிலிருந்து மீட்டு எடுத்த மூன்று வருஷமும் பறந்து போய்விடும். கிளப்பினாலும் எங்கே கொண்டுபோய் வைப்பது?

"சேடத்தி, இப்ப நான் என்ன பண்ணட்டும்?"

"என்னைக் கேட்டா? நாப்பது வருஷமா எனக்கே விளங்கல. கல்யாணத்தன்னைக்குக் கோயில்ல பாதிரி அச்சன் 'இந்தப் பெண்ணை ஏத்துக்கச் சம்மதமா'ன்னு மூணு தடவை கேட்டார். மூணு தடவையும் பேசல. எங்கப்பா கத்தியைத் தேட ஆரம்பிச்சுட்டார். நாலாம் தடவை லேசா ஒரு இருமல். அச்சன் நல்லவர், அதையே சம்மதம்னு எழுதிக்கிட்டார். அந்த இருமலோடதான் நான் குடித்தனம் பண்றேன்." சிரித்து முடித்ததும் அவள் குரல் தணிந்தது. "அவரோட அப்பன் நேர் எதிர்டி. யார் எது கேட்டாலும் 'சரி, சரி'. ஒண்ணும் செய்யமாட்டார். வீட்டு வாசல்ல ஆளுங்க வந்து நின்னு ஏசுறதைப் பார்த்து வளர்ந்தவர் இவர். அதுல வாய்க்குப் பூட்டுப் போட்டவர்தான்."

அந்த நேரம் வக்கச்சன் தோட்டத்துக்குள் வந்தார். கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு பெட்டிகளைச் சுற்றி மெல்ல நடந்தார். நாற்பத்தொன்று என்று எண் எழுதிய பெட்டிக்கு முன்னால் நின்றார். அதன் ஒரு கால் பள்ளத்தில் இருந்தது. உடைந்த ஓட்டுத் துண்டை முட்டுக் கொடுத்து வைத்திருந்தாள். வக்கச்சன் ஒரு விரலால் பெட்டியைத் தொட்டார். அது ஆடியது. "ம்" என்றார். வீட்டுக்குப் போய்விட்டார்.

போகச் சொல்லவில்லை, இருக்கவும் சொல்லவில்லை.

அடுத்த மூன்று வாரம் விலாசினி பட்ட பாட்டை எழுதினால் பெரிய புராணமாகிவிடும். மனிதர் ஏதேதோ செய்துகொண்டேயிருந்தார். ஒருநாள் கிணற்றடியில் ஓர் அலுமினியத் தாம்பாளத்தில் தண்ணீர், நடுவில் கூழாங்கற்கள். தேனீ உட்கார்ந்து குடிக்க வசதியாக வைத்தாற்போல இருந்தது. அவள் மனம் பொங்கும்போதே ஏலிக்குட்டியின் கோழி ஒன்று வந்து அதில் வாய் வைத்தது. ஒருநாள் மேற்கு வெயில் சுடும் பத்துப் பெட்டிகளின் மேல் தென்னோலை கிடந்தது. மூடி வைத்தாரா, மரத்திலிருந்து வெட்டியது வந்து விழுந்ததா? பசு விஷயத்தில் ஏமாந்தவள் எதையும் நம்பத் தயாராக இல்லை. சூடு கண்ட பூனை.

முதல் தேன் எடுத்ததும் ஆறு குப்பி நிறைத்துக் கொண்டுபோய் வராந்தாச் சுவரில் வரிசையாக வைத்தாள். நில உடைமைக்காரர் ஒரு குப்பியைத் திறந்து நாக்கில் வைத்துவிட்டால் பேச்சு முடிந்தது என்பது தேனீக்காரர்களுக்குள் இருக்கிற வழக்கம். அதற்குப் பிறகு எவனும் கிளப்ப மாட்டான். வக்கச்சன் குப்பிகளைப் பார்த்தார். ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார். திரும்ப வைத்தார். ஒரு வாரம் கழித்தும் ஆறும் மூடி திறக்காமல் அப்படியே நின்றன.

"ஏன் சேடத்தி, சேட்டனுக்குப் பிடிக்கலையா?"

"அவருக்குச் சர்க்கரைடி. முந்நூத்திப் பத்து. பாயசத்தை மோந்து பார்க்கிறதோட சரி."

இப்படி எந்த அடையாளத்தை எடுத்தாலும் அதற்குப் பக்கத்திலேயே ஒரு பசு நின்றுகொண்டிருந்தது.

கும்பம் பிறந்த வாரத்தில் ஷிபு வந்தான். பொன்குன்னம் பக்கத்துத் தேனீக்காரன். இருநூறு பெட்டி, சொந்தமாக லேபிள் ஒட்டிய குப்பி, வெள்ளைச் சட்டை. கெட்டவன் இல்லை. மற்றவர்களுடைய தேனை எடைபோட்டு ஏமாற்றியதாக யாரும் சொன்னதில்லை. ஆனால் எதையும் காகிதத்தில் பார்த்தால்தான் அவனுக்குக் கண் தெரியும். அவன் அயர்லாந்தில் இருக்கிற மகன் ஜிஸ்மோனிடம் போனில் பேசி, ஐந்து வருஷத்துக்கு ஓர் ஒப்பந்தம் தயார் பண்ணியிருந்தான். முத்திரைத்தாளில் அச்சடித்து, மகன் சாட்சியாகக் கையெழுத்துப் போட்டு அனுப்பியதும் வந்தாயிற்று. நிலம் அப்பன் பேரில் இருந்ததால் அப்பன் கையெழுத்து ஒன்றுதான் பாக்கி.

"சேட்டா, இங்க ஒண்ணு, இங்க ஒண்ணு. அவ்வளவுதான்."

வக்கச்சன் காகிதத்தை வாங்கி முழுக்கப் படித்தார்.

"வெச்சிட்டுப் போ" என்றார்.

"ஞாயித்துக்கிழமை பூசை முடிஞ்சு வர்றேன். மறுநாளே பெட்டி இறக்கணும். துளிர் முத்திட்டா தேன் நின்னுடும்." ஷிபு விலாசினியைத் திரும்பிப் பார்த்தான். "சேச்சி, உங்ககிட்ட ஏதாவது எழுத்து இருக்கா?"

அவளிடம் என்ன இருந்தது? ஒரு சினைப் பசு இருந்தது.

பிரசன்னன் அன்று சோற்றில் கை வைக்கவில்லை. "நீயும் ஒரு பேப்பர் அடிச்சிட்டுப் போ. காலைப் பிடிச்சாவது கையெழுத்து வாங்கு."

"கையெழுத்துக் கேட்டு நின்னா, இத்தனை நாளும் சம்மதம் இல்லாம இருந்தேன்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரி ஆகும், மனுஷா."

"ஆமா, பெரிய வக்கீல்! அப்ப வக்கீலைப் போய்ப் பாரு."

வக்கீல் வரைக்கும் போக வசதியில்லை. பதிவு அலுவலகத்து வாசலில் பத்திரம் எழுதும் கோவிந்தக் குறுப்பிடம் போனாள். முப்பது வருஷம் அங்கே ஒரு மரத்தடியில் உட்கார்ந்து மற்றவர்களின் நிலத்தை எழுத்தால் அளந்தவர். கேட்டுவிட்டு மூக்குக் கண்ணாடியைத் துடைத்தார்.

"விலாசினி, நீ இங்க எப்படி வந்தே?"

"பஸ்ஸுல."

"ஏறும்போது 'டிக்கெட் எடுக்கச் சம்மதிக்கிறேன்'னு கையெழுத்துப் போட்டியா?"

"இல்ல."

"அப்ப ஒப்பந்தம் இல்லைன்னு டிக்கெட் எடுக்காம வந்தியா?"

"கண்டக்டர் தூக்கி வெளிய போட்டிருப்பான்."

"அதான். ஏறி உக்கார்ந்தாலே சம்மதம். சட்டமும் அதை ஒத்துக்கும். வாயும் பேனாவும் மட்டும்தான் 'ஆமா' சொல்லும்னு இல்ல, கையும் சொல்லும், காலும் சொல்லும்." குறுப்பு கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "ஆனா ஒண்ணு. அவர் செஞ்சது உனக்காகத்தான்னு, வேற எதுக்காகவும் இல்லைன்னு தெரியணும். வேற காரணம் சொல்ல இடமே இருக்கக் கூடாது. பசு மாதிரி ஆயிடக்கூடாது."

பசு விஷயம் அங்கே வரைக்கும் போயிருந்தது.

பஸ்ஸில் திரும்பும்போது விலாசினி எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தாள். தாம்பாளத்துக்குக் கோழி, ஓலைக்குத் தென்னை, குப்பிக்குச் சர்க்கரை, "ம்" என்றதற்குத் தொண்டை. வேறு காரணம் சொல்ல முடியாத ஒன்றுகூட அவளிடம் இல்லை. அவளுக்கு அழுகை வந்தது. கண்டக்டர் பார்த்துவிடுவான் என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் பெட்டிகளுக்கு நடுவே போய் நின்றாள். வேறெங்கே நிற்பது என்று தோன்றவில்லை. அறுபது வாசல்களிலும் தேனீக்கள் வேலைக்குப் போய் வந்துகொண்டிருந்தன. அவற்றுக்கு ஞாயிறு தெரியாது. நாற்பத்தொன்று மறுபடியும் சாய்ந்திருந்தது. ஓட்டுத் துண்டு எறும்புக் குழியில் இறங்கிவிட்டது. பெட்டி சாய்ந்தால் உள்ளே தேனடையும் கோணிக்கொண்டு போகும். குனிந்து நிமிர்த்தினாள். இன்று கிளப்பச் சொன்னாலும் சொல்வார்கள், அதுவரைக்கும் நேராக இருக்கட்டும்.

பூசை முடிந்து வக்கச்சனும் ஏலிக்குட்டியும் வந்தார்கள். பின்னாலேயே ஷிபு. பிரசன்னனும் ஜீப்பை விட்டு இறங்கி வந்து மனைவி பக்கத்தில் நின்றான். ஷிபு நேராகத் தோட்டத்துக்குள் வந்து சரிவை ஒரு சுற்றுப் பார்த்தான். அண்ணாந்து மரங்களைப் பார்த்தான். அவன் முகம் மாறியது.

"என்ன சேட்டா இது? துளிரெல்லாம் வெள்ளைப் பூத்திருக்கு. பாதி உதிர்ந்து கிடக்கு!" காலடியில் கிடந்த ஒரு சுருண்ட இளம் இலையை எடுத்துக் காட்டினான். மாவு தடவியதுபோல் அதில் பூஞ்சை படர்ந்திருந்தது. "கந்தகப் பொடி அடிக்கலையா? பக்கத்துத் தோட்டத்துல எல்லாம் மூணு தடவை அடிச்சாச்சே. அன்னைக்கு வந்தப்ப பெட்டி வைக்க இடம் பார்க்கலாம்னு உங்க கொட்டகைக்குள்ள போனேன், அங்க ஆறு மூட்டை கந்தகம் கட்டு பிரிக்காம இருக்கு. வாங்கி வெச்சிட்டு எதுக்கு அடிக்காம இருக்கீங்க?"

வக்கச்சன் வேட்டியைச் சரி பண்ணிக்கொண்டார்.

ஏலிக்குட்டிதான் பேசினாள். "நானும் மூணு வாரமாக் கேக்கிறேன் மோனே, பதில் இல்ல. பெட்டி வர்றதுக்கு முன்னால ஒரு தடவை அடிச்சார். பெட்டி வந்த வாரம் பொடி அடிக்கிற மிஷினோட ராகவன் வந்தான், திருப்பி அனுப்பிட்டார். அடுத்த வாரம் வந்தான், கட்டங்காப்பி குடுத்துத் திருப்பி அனுப்பிட்டார். மரம் மொட்டையாகுதே மனுஷான்னு கத்தினேன், 'பனி குறையட்டும்'னார். பனி எப்பவோ குறைஞ்சாச்சு."

விலாசினி அண்ணாந்து பார்த்தாள். பதினாறு வருஷம் ரப்பர் வெட்டியவள், மரத்தின் நோவு இலையில் தெரியும் என்று அறிந்தவள், மூன்று வாரமாகப் பெட்டியைத் தவிர எதையும் பார்க்கவில்லை. கந்தகப் பொடி பறக்கும்போது தேனீ வெளியே இருந்தால் சுருண்டு விழும். பொடி இறங்கிய தேனையும் யாரும் வாங்க மாட்டார்கள். அவர் முன்பே அடித்து முடித்திருப்பார் என்று அவள் பாட்டுக்கு நினைத்துக்கொண்டு, அந்தக் கவலையையே மறந்துபோயிருந்தாள். இந்த மனிதர் தன் மரத்தின் இலையை உதிர விட்டுக்கொண்டு அவளுடைய பூச்சிகளைக் காப்பாற்றியிருக்கிறார். ஒரு வார்த்தை சொல்லவில்லை. இதற்குக் கோழி இல்லை, தென்னை இல்லை, சர்க்கரை இல்லை. இதற்கு வேறு காரணமே கிடையாது. அவளுக்கு நெஞ்சு நிறைந்து, கூடவே வெட்கமும் வந்தது.

"சேட்டா..." என்றாள்.

ஷிபுவும் முட்டாள் இல்லை. இலையைப் பார்த்தான், பெட்டியைப் பார்த்தான். கணக்கு அவனுக்கும் புரிந்தது. ஆனால் பிடித்த பிடியை விடுகிற ஆளில்லை அவன். "அது உங்க நல்ல மனசு. நான் வேண்டாம்னு சொல்லல. ஆனா எழுத்துன்னு ஒண்ணு வேணும்ல? இந்தச் சேச்சிக்கு நீங்க சம்மதம் சொன்னீங்களா? சொல்லலை. எனக்கு உங்க மகனே கையெழுத்துப் போட்டிருக்கான்." பையிலிருந்து பேனாவை எடுத்து மூடியைக் கழற்றி நீட்டினான். "காகிதம் எங்க, சேட்டா?"

வக்கச்சன் சட்டைப் பையிலிருந்து ஒப்பந்தத்தை எடுத்தார். கோயிலுக்கும் அதைக் கொண்டுபோயிருந்திருக்கிறார். விலாசினியின் கையைப் பிரசன்னன் பிடித்துக்கொண்டான்.

வக்கச்சன் பேனாவை வாங்கவில்லை. காகிதத்தை இரண்டாக மடித்தார். நாலாக மடித்தார். எட்டாக மடித்து, விரல் நகத்தால் ஓரத்தை அழுத்தித் தேய்த்தார். நாற்பத்தொன்றாம் பெட்டிக்கு முன்னால் மெல்லக் குந்தினார். முழங்கால் சடக்கென்றது. ஒரு கையால் இரும்புக் காலைத் தூக்கிப் பிடித்து, மறுகையால் உடைந்த ஓட்டை எடுத்து எறிந்துவிட்டு, அந்த இடத்தில் மடித்த காகிதத்தைச் சொருகினார். காலை இறக்கினார். ஒரு விரலால் பெட்டியைத் தொட்டுப் பார்த்தார்.

ஆடவில்லை.

"சேட்டா! அது முத்திரைத்தாள்!" என்றான் ஷிபு.

"நல்ல கனம்" என்றார் வக்கச்சன்.

"கரையான் தின்னுடும், மனுஷா" என்றாள் ஏலிக்குட்டி.

வக்கச்சன் எழுந்து கையை வேட்டியில் துடைத்தார். பெட்டியைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "இந்த வருஷத்துக்கு இது போதும். அடுத்த வருஷம் கல்லு வெச்சுக்கலாம்."

அப்புறம் காப்பி குடிக்கப் போய்விட்டார்.

ஏலிக்குட்டி வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். நாற்பது வருஷத்தில் அவர் வாயிலிருந்து வந்த மிக நீளமான சம்மதம் அதுதான் என்று பிறகு அவளே ஊரெல்லாம் சொன்னாள். ஷிபு பேனாவுக்கு மூடி போட்டான். அவன் சிரித்ததும் எல்லோருக்கும் மூச்சு வந்தது. "இருபத்தஞ்சு வருஷமா இந்தத் தொழில்ல இருக்கேன் சேச்சி, இப்படி ஒரு பதிவு அலுவலகம் பார்த்ததில்ல" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினான்.

"நான் அவருக்கு எப்படி நன்றி சொல்றது, சேடத்தி?"

"வாயால சொல்லித் தொலைச்சிடாதே. ரெண்டு நாளைக்குச் சாப்பிடமாட்டார்."

விலாசினி சொல்லவில்லை. நேரே மிஷின்கார ராகவன் வீட்டுக்கு நடந்தாள். அவன் மரவள்ளிக் கிழங்கும் மீன் கறியும் சாப்பிட்டுக்கொண்டிருந்தான்.

"நாளைக்கு விடியும்போது வக்கச்சன் தோட்டத்துக்குப் பொடி அடிக்க வா."

"போ சேச்சி. ரெண்டு தடவை போய்க் காப்பி குடிச்சிட்டு வந்தாச்சு. அவர் கூப்பிட்டாரா?"

"நான் கூப்பிடுறேன்."

அன்று அந்தி சாய்ந்து கடைசித் தேனீ உள்ளே போனதும், அறுபது வாசல்களையும் ஒவ்வொன்றாகக் கம்பிவலைத் துண்டால் அடைத்தாள். பெட்டிகளின் மேல் ஈரச் சாக்கை விரித்துக் கட்டினாள். பிரசன்னன் சாக்கை நனைத்து நனைத்துக் கொடுத்தான். விடிகாலையில் பொடி அடித்தால் வெயில் ஏறுவதற்குள் அடங்கிவிடும். பத்து மணிக்குத் திறந்துவிடலாம். ஒரு காலைத் தேன் போகும். போகட்டும். அவர் விட்ட இலைக்கு அது ஈடாகாது என்று அவளுக்குத் தெரியும்.

மறுநாள் பனி விலகாத வெளிச்சத்தில் ராகவன் மிஷினை முதுகில் சுமந்துகொண்டு படியேறினான். கொட்டகைக் கதவு திறக்கிற சத்தம் கேட்டு வக்கச்சன் தலையில் துண்டோடு வெளியே வந்தார். ராகவனைப் பார்த்தார். முகத்தில் துணி கட்டி, கந்தக மூட்டையின் கட்டைப் பிரித்துக்கொண்டிருந்த விலாசினியைப் பார்த்தார். பிறகு சரிவை நிமிர்ந்து பார்த்தார். ஈரச் சாக்குகளுக்கு அடியில் அறுபது பெட்டிகளும் சத்தமில்லாமல் இருந்தன.

யார் கூப்பிட்டது என்று அவர் கேட்கவில்லை. கூப்பிட்டது தான்தான் என்று அவளும் சொல்லவில்லை. மூட்டையின் மறுமுனையை அவர் பிடித்தார். இருவருமாகத் தூக்கி வெளியே வைத்தார்கள்.

வக்கச்சன் நிமிர்ந்து நின்று லேசாக இருமினார்.

"எடி விலாசினி!" அடுக்களை ஜன்னலிலிருந்து ஏலிக்குட்டியின் குரல் வந்தது. "கேட்டியா? பொடி இன்னும் பறக்கவே ஆரம்பிக்கல!"